யார் பெயரில் அந்தப் பண்ணை?

ஏழாயிரம்பண்ணை, வெம்பக்கோட்டை, சாத்தூர் வட்டாரத்துக் கரிசலில் நிலத்தைப் பற்றிப் பேச்செடுத்தால், மழை எவ்வளவு, மகசூல் எவ்வளவு என்பதற்கு முன்பே பட்டா யார் பெயரில் என்ற கேள்வி வந்து நிற்கும். அதற்குக் காரணம் உண்டு. 1799-இல் பாஞ்சாலங்குறிச்சி விழுந்தபோது, கட்டபொம்மன் பக்கம் நின்ற பாளையங்களைக் கும்பினி பறிமுதல் செய்தது. நாகலாபுரம், கோலார்பட்டி, காடல்குடி, குளத்தூர் ஆகியவற்றோடு ஏழாயிரம்பண்ணையும் அந்தப் பட்டியலில் இருந்தது. ஒரே உத்தரவில் நிலத்தின் எசமான் மாறினார். ஏர் பிடித்தவர் மாறவில்லை. உழைப்பு ஒரு கையிலும் உரிமை இன்னொரு கையிலும் இருந்தால் என்ன ஆகும் என்று இந்த வட்டாரத்துக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. அப்படிப்பட்ட வாசகர்கள்தான் இந்த வரலாற்றைச் சரியாக எடைபோட முடியும்: 1910-இல் தென்னாப்பிரிக்காவில் யூதர் ஒருவர் தந்த 1,100 ஏக்கர் நிலத்தில், தமிழ்க் குடும்பங்கள் பல குடியேறி உழைத்து, மூன்று ஆண்டுகளுக்குள் கலைந்துபோன டால்ஸ்டாய் பண்ணையின் வரலாறு.

நம் பாடநூல்களிலும் காந்தி வாழ்க்கை நூல்களிலும் இந்தப் பண்ணை ஓர் ஆசிரமமாகவே வருகிறது. உணவுச் சோதனை, பிரம்மச்சரியம், ஆண்பிள்ளைகளும் பெண்பிள்ளைகளும் சேர்ந்து படித்த பள்ளி, செருப்புத் தையல் என்று காந்தியின் உள்ளப் பயணத்தில் ஒரு தங்குமிடமாக அதைப் படித்துப் பழகிவிட்டோம். அவை யாவும் நடந்தவையே. ஆனால் அந்தப் பண்ணை ஏன் உருவானது, ஏன் அந்த இடத்தில் அமைந்தது, ஏன் அவ்வளவு விரைவில் முடிந்தது என்ற மூன்று கேள்விகளுக்கும் ஆன்மிகத்தில் விடை இல்லை. நிலச் சட்டத்தில் இருக்கிறது. நிலம் வைத்துக்கொள்ளச் சட்டம் அனுமதிக்காத மக்கள், அனுமதி உள்ள ஒருவர் பெயரில் இருந்த நிலத்தில் விருந்தினராகத் தங்கி, விருந்தினராகவே வெளியேறினார்கள். யூதர்களின் வேளாண் குடியேற்ற வரலாற்றுக்குப் பக்கத்தில் வைத்துப் படித்தால்தான் இது முழுதாகப் புரியும் என்பது என் வாதம். பண்ணையில் வாழ்ந்தவர்கள் யூதர்கள் அல்லர் என்பது சரி. ஆனால் நிலத்தைத் தந்தவர் யூதர். அவர் இனத்தார் அதே ஆண்டுகளில்தான் உழுவதற்கு ஒரு துண்டு நிலம் தேடிக் கடல் கடந்து அலைந்துகொண்டிருந்தார்கள்.

முதலில் சட்டத்தைப் பார்ப்போம். டிரான்ஸ்வாலை போயர்கள் ஆண்ட காலத்தில், 1885-ஆம் ஆண்டின் 3-ஆம் எண் சட்டம் வந்தது. ஆசியர்கள் குடியுரிமை பெற முடியாது. அவர்களுக்கென்று ஒதுக்கப்பட்ட தெருக்களுக்கும் ஒதுக்கிடங்களுக்கும் வெளியே அசையாச் சொத்து வாங்க முடியாது. போயர் போர் முடிந்து 1902-இல் ஆட்சி பிரிட்டிஷார் கைக்கு வந்த பிறகும் இந்தச் சட்டம் அப்படியே நின்றது. பக்கத்து நேட்டாலில் நிலைமை வேறு. அங்கே ஒப்பந்தக் கூலிகளாகப் போனவர்களை 3 பவுன் வரி போட்டு வாட்டினார்கள் என்றாலும், இந்தியர் நிலம் வாங்கத் தடை இருக்கவில்லை. அதனால்தான் 1904-இல் டர்பனுக்கு அருகே பீனிக்ஸில் 100 ஏக்கரை 1,000 பவுனுக்குக் காந்தியால் வாங்க முடிந்தது. ஆறு ஆண்டுகள் கழித்து ஜோகன்னஸ்பர்க் அருகே அதே போன்ற பண்ணை தேவைப்பட்டபோது அவரால் வாங்க முடியவில்லை. டிரான்ஸ்வாலில் வசதி படைத்த இந்திய வணிகர்கள்கூட நம்பிக்கையான வெள்ளைக்காரர் ஒருவர் பெயரில்தான் கடையையும் மனையையும் பதிவு செய்தார்கள். நம் ஊர் மொழியில் அது பினாமி. கம்பெனி தொடங்கி அதன் பெயரில் வாங்கும் இன்னொரு வழி இருந்தது. 1919-இல் வந்த சட்டம் அந்த வாசலையும் அடைத்தது. ஒரே மனிதர், ஒரே கொள்கை, இரண்டு பண்ணைகள். ஒன்றில் பத்திரம் இந்தியர் கையில், மற்றதில் நண்பர் கையில். இரண்டின் ஆயுளும் ஏன் வேறுபட்டது என்பதை இந்த ஒரு வேறுபாட்டிலிருந்தே தேடத் தொடங்க வேண்டும்.

அந்த நண்பர் ஹெர்மன் காலன்பாக். 1871-இல் கிழக்குப் பிரஷ்யாவில், ரஷ்யப் பேரரசின் எல்லையை ஒட்டிய பகுதியில் பிறந்த யூதர். கட்டடக்கலை படித்து, 1896-இல் ஜோகன்னஸ்பர்க் வந்து, தங்கச் சுரங்கத்தால் வீங்கிக்கொண்டிருந்த அந்த நகரத்தில் பெரும் பணம் ஈட்டியவர். அவர் பிறந்த ஊருக்கு அந்தப் பக்கம், எல்லை தாண்டி லிதுவேனியாவில் வாழ்ந்த யூதர்களின் நிலை என்ன? 1882-இல் ஜார் அரசு பிறப்பித்த மே சட்டங்கள், யூதர்கள் கிராமங்களில் புதிதாகக் குடியேறவும் அங்கே நிலம் வாங்கவும் குத்தகை எடுக்கவும் தடை போட்டன. ஜோகன்னஸ்பர்க் யூதர்களில் பெரும்பாலோர் அந்த மண்ணிலிருந்து தப்பி வந்தவர்கள். தென்னாப்பிரிக்காவிலும் அவர்களுக்கு உடனே கதவு திறந்துவிடவில்லை. ஐரோப்பிய மொழி ஒன்றில் எழுதத் தெரிந்தவர்தான் குடியேறலாம் என்று கேப் காலனி சட்டம் போட்டபோது, அவர்கள் பேசிய இத்திஷ் ஐரோப்பிய மொழியா இல்லையா என்றே விவாதம் நடந்து, 1906-இல்தான் அது ஐரோப்பிய மொழி என்று ஏற்கப்பட்டது. அந்த ஒரு முடிவில் அவர்கள் வெள்ளையர் வரிசையில் சேர்ந்தார்கள், தமிழர்கள் சேரவில்லை. ஒரு பேரரசில் ஏர் பிடிக்கத் தடை செய்யப்பட்ட இனம், இன்னொரு நாட்டில் நிலப் பத்திரம் வைத்துக்கொள்ளும் தகுதி பெற்றது. அந்தத் தகுதியை, அது மறுக்கப்பட்டவர்களுக்காக ஒருவர் பயன்படுத்தினார். டால்ஸ்டாய் பண்ணையின் வேர் இங்கே இருக்கிறது.

1910-இல் டிரான்ஸ்வால் இந்தியர்களின் போராட்டம் நான்காம் ஆண்டில் இருந்தது. கைரேகை வைத்துப் பதிவுச் சீட்டு வாங்க வேண்டும் என்ற கறுப்புச் சட்டத்தை எதிர்த்துத் தொடங்கியபோது ஆயிரக்கணக்கானோர் சேர்ந்தார்கள். 1908-இல் ஜோகன்னஸ்பர்க் மசூதி மைதானத்தில் பதிவுச் சீட்டுகளைக் கொளுத்தினார்கள். பிறகு வணிகர்கள் ஒவ்வொருவராக ஒதுங்கினார்கள். கடை ஏலம் போய்விடும் என்ற பயம் அவர்களுக்கு. எஞ்சி நின்றவர்களில் தமிழர்களே மிகுதி: தலைச்சுமை வியாபாரிகள், உணவகப் பணியாளர்கள், சிறு கைத்தொழிலாளர்கள். அவர்கள் சிறைக்குப் போனால் வீட்டில் அடுப்பு எரியாது. போராட்டத்தை நடத்திய சங்கம் ஒவ்வொரு குடும்பத்துக்கும் மாதப் பணம் கொடுத்துப் பார்த்தது. ரத்தன் டாடா அனுப்பிய 25,000 ரூபாய் மூச்சுவிட நேரம் கொடுத்தது. ஆனால் முடிவு தெரியாத போராட்டத்தை மாதப் படியால் நடத்த முடியாது. குடும்பங்கள் எல்லாம் ஓரிடத்தில் கூடி வாழ்ந்து, தம்மால் இயன்றதை விளைவித்து உண்டால்தான் தாக்குப்பிடிக்கலாம். காலன்பாக் லாலி ரயில் நிலையத்துக்கு அருகே, ஜோகன்னஸ்பர்க்கிலிருந்து 21 மைல் தொலைவில் 1,100 ஏக்கர் வாங்கினார். 1910 மே 30-ஆம் தேதி அவர் காந்திக்கு எழுதிய கடிதம் நில வரலாறு படிப்பவர்கள் கவனிக்க வேண்டிய ஆவணம். சத்தியாகிரகிகளும் அவர்களின் வறிய குடும்பங்களும் வாடகையோ கட்டணமோ இல்லாமல் தங்கலாம். டிரான்ஸ்வால் அரசோடு போராட்டம் நடக்கும் வரை. அந்தக் கடைசி நிபந்தனைதான் எல்லாவற்றையும் தீர்மானித்தது. தாராளமான வார்த்தைகள்தாம். ஆனாலும் குத்தகைக்காரருக்கு இருக்கும் உரிமைகூட அதில் வாழ்ந்தவர்களுக்கு இல்லை.

நிலம் நல்ல நிலம். ஆரஞ்சு, ஏப்ரிகாட், பிளம் என்று ஆயிரம் பழ மரங்கள் வரை இருந்தன. இரண்டு கிணறுகள், ஓர் ஊற்று. ஆறு பேர் தங்கக்கூடிய ஒரு சிறு வீடு தவிர கட்டடம் எதுவும் இல்லை. தகரக் கொட்டகைகளைத் தாங்களே எழுப்பினார்கள். ஊற்று குடியிருப்பிலிருந்து 500 கஜம் தள்ளி இருந்ததால் தண்ணீரைக் காவடியில் சுமந்து வந்தார்கள். வேலைக்காரர் என்று யாரும் கிடையாது. சமையல், துப்புரவு, தோட்ட வேலை, தச்சு எல்லாம் குடியிருந்தவர் கையால். 40 இளைஞர்கள், இரண்டு மூன்று முதியவர்கள், ஐந்து பெண்கள், 20 முதல் 30 வரை பிள்ளைகள் என்று காந்தி பிற்பாடு கணக்குச் சொல்கிறார். குஜராத்தியரும் தமிழரும் தெலுங்கரும் வட இந்தியரும், இந்துக்களும் முஸ்லிம்களும் பார்சிகளும் கிறிஸ்தவர்களும். ஜோகன்னஸ்பர்க்கில் சொந்த வேலைக்குப் போவோர் நடந்தே போக வேண்டும் என்பது விதி. அதனால் நள்ளிரவு கழிந்து இரண்டு மணிக்கே புறப்பட்டுவிடுவார்கள். காலன்பாக் டர்பன் பக்கத்து மரியன்ஹில் மடத்துக்குப் போய்ச் செருப்புத் தைக்கக் கற்று வந்து, மற்றவர்களுக்குக் கற்றுக்கொடுத்தார். மாளிகைகள் வடிவமைத்துப் பணம் சேர்த்த மனிதர் தோல் அறுத்துத் தைத்தது நம் சாதிக் கணக்கில் எவ்வளவு பெரிய செயல் என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை.

பண்ணைப் பள்ளியில் நடந்த ஒன்றைத் தமிழ் வாசகர் தவறவிடக் கூடாது. அங்கிருந்த தமிழ்ப் பிள்ளைகள் தென்னாப்பிரிக்காவிலேயே பிறந்தவர்கள். பேச்சுத் தமிழ் கொஞ்சம் தெரியும், எழுத்து தெரியாது. அவர்களுக்குத் தமிழ் எழுத்தும் அடிப்படை இலக்கணமும் சொல்லிக்கொடுத்தவர், கப்பலிலும் சிறையிலும் ஜி. யு. போப்பின் பாடநூலை வைத்துத் தமிழ் கற்ற ஒரு குஜராத்தி. தமிழைத் தம்மைவிடப் பிள்ளைகள் நன்றாகப் பேசுவார்கள் என்பதை காந்தி மறைக்கவில்லை. ஒப்பந்தக் கூலி முறையில் 1860 முதல் 1911 வரை நேட்டாலுக்குக் கொண்டுபோகப்பட்ட ஒன்றரை லட்சம் பேரில் பெரும்பகுதி சென்னைத் துறைமுகம் வழியாகப் போனவர்கள். நம் தென் மாவட்டத்தார் அதிகமும் இலங்கைத் தோட்டங்களுக்குப் போனார்கள். நேட்டால் கப்பல் ஏறியவர்கள் வட மாவட்டங்களில் மிகுதி. எங்கே போனாலும் அவர்களுக்குக் கிடைத்தது கூலி. நிலம் கிடைத்தவர்கள் மிகச் சிலர். அப்படிப்பட்டவர்களின் பேரப்பிள்ளைகள், 1,100 ஏக்கரை ஓடித் திரியும் இடமாகக் கண்டது இந்தப் பண்ணையில்தான்.

அந்த இடத்துக்குக் கொடுக்கப்பட்ட விலையில் தமிழர் பங்கு பெரிது. 1909-இல் சிறை முகாமின் குளிரில் வேலை வாங்கப்பட்ட சாமி நாகப்பன், விடுதலையான சில நாட்களில் இறந்தார். 1910-இல் நாடு கடத்தப்பட்டவர்களில் ஒருவரான நாராயணசாமி, திரும்பி வந்தபோது எந்தத் துறைமுகத்திலும் இறங்க விடப்படாமல், டெலகோவா விரிகுடாவில் உயிர் விட்டார். அப்படிக் கப்பலேற்றிச் சென்னையில் இறக்கப்பட்ட தமிழர்களைக் கவனித்தவர் ஜி. ஏ. நடேசன். மொரீஷியஸில் பிறந்த தம்பி நாயுடு தமிழர் சங்கத்தின் தலைவர். எத்தனை முறை சிறை சென்றார் என்பதை எண்ணிச் சொல்வதே கடினம். காலன்பாக்கின் கொடை இல்லாமல் பண்ணை இல்லை என்பது எவ்வளவு உண்மையோ, இவர்களின் பிடிவாதம் இல்லாமல் அந்தக் கொடைக்குத் தேவையே எழுந்திருக்காது என்பதும் அவ்வளவு உண்மை. ஆனால் பண்ணையைப் பற்றிய பெரும்பாலான எழுத்தில் காந்தி, காலன்பாக் என்று இரண்டு பேர்தான் இருக்கிறார்கள்.

1912 அக்டோபர், நவம்பரில் இந்தியத் தலைவர் கோகலே வந்து போனார். போராட்டம் சற்றுத் தணிந்தது, சிறையிலிருந்தோர் திரும்பினர், பண்ணையில் ஆட்கள் குறைந்தார்கள். 1913 ஜனவரியில் காந்தி பீனிக்ஸுக்குப் போய்விட்டார். பொதுவாக இங்கேதான் கதையை முடிப்பார்கள். ஆனால் அதே ஆண்டு அக்டோபரில், டால்ஸ்டாய் பண்ணையில் வாழ்ந்து பழகிய பெண்கள் மீண்டும் களத்தில் இறங்கினார்கள். 11 பேர், ஒருவர் தவிர அனைவரும் தமிழர், தம்பி நாயுடுவின் மனைவி வீரம்மாள் அவர்களில் ஒருவர், ஆறு பேர் கைக்குழந்தையோடு. நியூகாசில் நிலக்கரிச் சுரங்கக் குடியிருப்புகளுக்குப் போய் 3 பவுன் வரியை எதிர்த்து வேலைநிறுத்தம் செய்யச் சொன்னார்கள், சுரங்கங்கள் நின்றன, அவர்களுக்கு மூன்று மாதக் கடுங்காவல். தில்லையாடி வள்ளியம்மையைத் தெரிந்த நமக்கு இந்தப் பெண்களின் பெயர் வரிசை தெரியாது. வேலையையும் குடியிருப்பையும் இழந்த தொழிலாளர்கள் நவம்பர் 6-ஆம் தேதி டிரான்ஸ்வால் எல்லையை நோக்கி நடந்தார்கள்: 2,037 ஆண்கள், 127 பெண்கள், 57 பிள்ளைகள். அவர்கள் எங்கே போகத் திட்டமிட்டார்கள் என்பதை நினைவில் வைப்பவர் குறைவு. நாளைக்கு 20 மைலுக்கு மேல் நடந்து, எட்டு நாளில் டால்ஸ்டாய் பண்ணையை அடைந்து, மண் குடிசைகள் போட்டு, போராட்டம் முடியும்வரை அந்த நிலத்தில் உழைத்துச் சாப்பிடுவது என்பதே திட்டம். காலன்பாக் அங்கே ஏற்பாடுகளும் செய்திருந்தார். ஐந்தாம் நாள் பால்ஃபரில் அவர்களைப் பிடித்து ரயிலேற்றித் திருப்பி அனுப்பினார்கள். காலன்பாக்கும் சிறைக்குப் போனார். இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட மக்கள் ஒரு நாட்டில் போய்ச் சேர்வதற்கு ஒரே ஒரு இடம்தான் இருந்தது, அதுவும் ஒரு யூதரின் பெயரில் இருந்த இடம் என்றால், அந்தப் பண்ணையை ஆசிரமம் என்று மட்டும் எப்படிச் சொல்வது?

இதற்கு மறுப்பு உண்டு. காந்தி தேடியது எளிய வாழ்வு. பண்ணையின் பெயரே டால்ஸ்டாயைச் சொல்கிறது. பட்டா, பத்திரம் என்பதெல்லாம் அந்த நோக்கத்துக்கு வெறும் பின்னணி என்பார்கள். நோக்கத்தை நான் மறுக்கவில்லை. ஆனால் எளிய வாழ்வைத் தேடியவருக்குப் பீனிக்ஸ் ஏற்கெனவே இருந்தது. இன்னொரு பண்ணை ஏன்? சிறை போகிறவர்களின் குடும்பங்கள் டிரான்ஸ்வாலில் இருந்தன. பீனிக்ஸோ ரயிலில் வெகு தொலைவு. போராட்டம் எந்தச் சட்டத்துக்கு எதிராகவோ அந்தச் சட்டத்தின் எல்லைக்குள்ளேயே நிலம் வேண்டியிருந்தது. அந்த எல்லைக்குள் இந்தியர் நிலம் வாங்கக் கூடாது. கொள்கை எப்படி வாழ்வது என்பதைச் சொன்னது. எங்கே வாழ்வது, எவ்வளவு காலம் வாழ்வது என்பதைச் சட்டம்தான் சொன்னது.

இன்னொரு மறுப்பு கூடுதல் கனமானது. விருந்தினராக இருந்ததால் பண்ணை கலைந்தது என்றால், சொந்தப் பெயரில் நிலம் பெற்ற யூதக் குடியேற்றங்கள் நிலைத்திருக்க வேண்டும் அல்லவா? அவையும் கலைந்தனவே? அர்ஜென்டினாவின் சாண்டா ஃபே மாகாணத்து மொய்சஸ் வில்லைப் பார்ப்போம். 1889 ஆகஸ்டில் வேசர் என்ற கப்பலில் பொடோலியா பகுதி யூதர்கள் 800-க்கும் மேற்பட்டோர் புவனஸ் அயர்ஸ் வந்து இறங்கினார்கள். முன்பணம் கட்டியிருந்த நிலம் இல்லை என்றாகிவிட்டது. அதற்குள் நில விலை ஏறியிருந்தது. வேறொரு நிலக்கிழார் தம் நிலத்துக்கு வரச் சொன்னார். வந்தவர்களுக்கு வீடும் இல்லை, ஏரும் இல்லை, ரயில் நிலையத்துக் கொட்டகையில் கிடந்தார்கள். 60-க்கும் மேற்பட்ட குழந்தைகள் நோயில் இறந்தன. அந்த வழியே போன வில்ஹெல்ம் லோவெந்தால் என்ற மருத்துவர் கண்டு எழுதிய அறிக்கையைத் தொடர்ந்து, பெரும் பணக்காரரான மாரிஸ் டி ஹிர்ஷ் பிரபு 1891-இல் யூதக் குடியேற்றச் சங்கத்தைத் தொடங்கினார். அந்தச் சங்கம் அர்ஜென்டினாவில் லட்சக்கணக்கான ஹெக்டேர் வாங்கியது. கால்நடைத் தீவனமும் கோதுமையும் விளைந்தன, பால் பெருகியது, 1908-இல் மொய்சஸ் வில்லில் கூட்டுறவுச் சங்கம் எழுந்தது, நூலகமும் நாடக அரங்கும் எழுந்தன. கடைக்காரரும் கைத்தொழிலாளரும் உழவர் ஆக முடியாது என்று ஐரோப்பா முழுக்கச் சொல்லிக்கொண்டிருந்த பேச்சுக்கு அந்த வயல்கள் பதில் சொல்லிவிட்டன.

ஆனால் பத்திரம்? அது சங்கத்திடம் இருந்தது. குடியேறியவர் பல ஆண்டுத் தவணையில் விலையைக் கட்டி முடிக்க வேண்டும். முன்கூட்டியே கட்டிவிட வசதி வந்தவர்களுக்குக்கூடப் பத்திரத்தைக் கொடுக்கச் சங்கம் தயங்கியது. கையில் கிடைத்தால் விற்றுவிட்டு நகரத்துக்குப் போய்விடுவார்கள் என்ற பயம். வளர்ந்த மகனுக்குத் தந்தையின் நிலத்துக்குப் பக்கத்தில் நிலம் கேட்டால் எளிதில் கிடைக்கவில்லை. சங்கத்து நிர்வாகிகளுக்கும் குடியேறியவர்களுக்கும் ஓயாத சண்டை. நிலம் பெயருக்கு வராத பிள்ளைகள் படிப்பைப் பிடித்துக்கொண்டு ரொசாரியோவுக்கும் புவனஸ் அயர்ஸுக்கும் போனார்கள். கோதுமை விதைத்து டாக்டர்களை அறுவடை செய்தோம் என்பது அந்த ஊர்க்காரர்களின் பழமொழி. இன்று மொய்சஸ் வில்லின் மக்கள்தொகை இரண்டாயிரம் அளவில். அதில் யூதர்கள் பத்தில் ஒரு பங்கு. ஆகவே, இந்த எடுத்துக்காட்டு என் வாதத்தை உடைக்கவில்லை, நுட்பமாக்குகிறது. புரவலர் கையில் பத்திரம் இருந்தவரை, லட்சம் ஹெக்டேர் இருந்தும் உழுதவர் பாதி விருந்தினராகவே இருந்தார். ஓடிவிடுவார்கள் என்று பயந்து இறுக்கிப் பிடித்ததே ஓடுவதற்கு ஒரு காரணமானது.

நிலத்தை விட்டுப் போவதை நான் தோல்வி என்று எண்ணவில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். சிவகாசியில் 1923 வாக்கில் அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தாவில் கற்று வந்த தீப்பெட்டித் தொழிலைத் தொடங்கியபோது, மானாவாரிக் கரிசலை நம்பி நொந்த மக்களுக்கு அது பிழைப்புத் தந்தது. ஏழாயிரம்பண்ணைச் சுற்றுக் கிராமங்கள் அதிலிருந்துதான் தீப்பெட்டி ஆபீசுக்கும் வெடி ஆபீசுக்கும் போகத் தொடங்கின. விட்டுப் போவது வேறு, விட்டுப் போக வேண்டிய நிலைக்குத் தள்ளப்படுவது வேறு. முதலாவதில் விற்கவோ குத்தகைக்கு விடவோ கையில் ஒன்று இருக்கும். இரண்டாவதில் மூட்டை மட்டும்தான். டால்ஸ்டாய் பண்ணைத் தமிழர்கள் 1913-இல் மூட்டையோடு போனார்கள். நட்ட மரமும் எழுப்பிய கொட்டகையும் போட்ட பாதையும் யாருக்குச் சேர்ந்தன என்ற கேள்வியை அவர்கள் எழுப்ப வழியே இல்லை. பிற்காலத்தில் அந்த இடம் செங்கல் உற்பத்தி செய்யும் நிறுவனத்தின் பகுதிக்குள் போனது, கட்டடங்கள் சிதைந்தன.

அப்படியானால் காலன்பாக் குற்றவாளியா என்று கேட்பார்கள். சற்றும் இல்லை. தம் சொத்தைத் திறந்துவிட்டு, கூடவே வந்து வாழ்ந்து, சிறைக்கும் போன செல்வர் எந்த நாட்டிலும் அரிது. என் குறை அவர் மீது அன்று. நல்ல மனிதரின் பெயரில் பத்திரம் இருந்துவிட்டால் போதும் என்ற நம்பிக்கை மீது. நம் வட்டாரத்து வெடித் தொழிலிலேயே பார்க்கலாம்: உரிமம் ஒருவர் பெயரில், அறைகளை உள்குத்தகைக்கு எடுத்து நடத்துபவர் வேறொருவர், மருந்து கலக்கிறவர் மூன்றாமவர். எல்லாம் நன்றாக நடக்கும்வரை யாரும் கேட்பதில்லை. விபத்து நடந்த நாளில்தான் யார் பொறுப்பு என்று தேடுவார்கள். 1892-இல் பஞ்சமி நிலம் ஒதுக்கியபோது, ட்ரெமென்ஹீரின் அறிக்கைக்குப் பின் அரசு அதைத் தலித் மக்களின் பெயரிலேயே கொடுத்து, பிறருக்கு விற்கக் கூடாது என்ற நிபந்தனையும் போட்டது. அப்படியும் பெரும்பகுதி கை மாறியது. பெயரில் இருந்த நிலமே நிற்காதபோது, பெயரே இல்லாத நிலம் எப்படி நிற்கும்?

கடினமான மறுப்பு ஒன்று மிச்சம் இருக்கிறது. தமிழருக்கு மறுக்கப்பட்ட நிலம் என்று பேசுகிறோம். அந்த நிலம் முதலில் யாருடையது? 1913 ஜூனில், பண்ணை காலியாகிக்கொண்டிருந்த அதே ஆண்டில், தென்னாப்பிரிக்க அரசு பூர்வகுடி நிலச் சட்டத்தைக் கொண்டுவந்து, நாட்டின் பெரும்பான்மையான ஆப்பிரிக்க மக்களை ஏறக்குறைய 7 விழுக்காடு நிலத்துக்குள் அடைத்தது. டால்ஸ்டாய் பண்ணை பற்றிய எழுத்தில் அவர்கள் அநேகமாக இல்லை. இந்தப் பழி பண்ணைவாசிகளுக்கும் ஓரளவு பொருந்தும்; இந்தியர் போராட்டம் அன்று இந்தியர்களுக்காக மட்டுமே நடந்தது. இதே கேள்வி காலன்பாக்கையும் தொடர்ந்து வந்தது. 1910 அக்டோபரில், லாலியில் தகரக் கொட்டகைகள் எழுந்துகொண்டிருந்தபோது, பாலஸ்தீனத்தில் கலிலேயக் கடலோரம் பத்து ஆண்களும் இரண்டு பெண்களுமாக டெகானியா என்ற முதல் கிப்புட்ஸைத் தொடங்கினார்கள். யூதத் தேசிய நிதியம் வாங்கிய நிலம்; தனியாருக்கு விற்காமல், சமூகத்துக்குக் குத்தகை முறையில் கொடுத்தார்கள். புரவலர் ஒருவரை நம்பாத, பத்திரத்தைப் பொது நிதியத்தின் பெயரிலேயே வைத்த அந்த ஏற்பாடு இன்றும் நிற்கிறது, வடிவம் மாறியிருந்தாலும். காலன்பாக் தம் பிற்காலத்தில் தீவிர சியோனிஸ்ட் ஆனார். 1937-இல் இந்தியாவுக்கு வந்து காந்தியின் ஆதரவைக் கேட்டார். யூதர்கள் பட்ட துன்பத்தை முழுதாக உணர்ந்த காந்தி, ஆனாலும் பாலஸ்தீனம் அரேபியருடையது என்று 1938 நவம்பரில் ஹரிஜன் இதழில் வெளிப்படையாக எழுதினார். இருவர் நட்பும் கெடவில்லை, கருத்தும் ஒன்றாகவில்லை. 1945-இல் இறந்த காலன்பாக்கின் அஸ்தி டெகானியாவில் இருக்கிறது. நிலம் மறுக்கப்பட்டவர்கள் நிலம் பெறும்போது அதற்கு முன் அங்கே உழுதவர் என்ன ஆனார் என்று கேட்காத எந்த நியாயமும் அரை நியாயம்தான். டெகானியாவின் வெற்றியைச் சொல்லும் நாம் பாலஸ்தீனத்து உழவரை மறைத்துச் சொல்லக் கூடாது. லாலியைச் சொல்லும்போது ஆப்பிரிக்கரை மறைத்தும் சொல்லக் கூடாது.

பீனிக்ஸுக்குத் திரும்புவோம், அங்கேதான் தெளிவான சான்று இருக்கிறது. 1912-இல் காந்தி அந்தப் பண்ணையைத் தம் பெயரிலிருந்து எடுத்து ஓர் அறக்கட்டளையிடம் ஒப்படைத்தார். அந்த ஒரு ஆவணத்தால் பீனிக்ஸ் காந்தி இந்தியா திரும்பிய பிறகும் பல பத்தாண்டுகள் நின்றது, அச்சகம் நடந்தது, இதழ் வந்தது. 1985-இல் இனாந்தாவில் மூண்ட கலவரத்தில், நிலமற்ற மக்கள் சூழ்ந்து வாழ்ந்த அந்தப் பண்ணை எரிந்தது. பிறகு மீண்டும் கட்டி 2000-இல் திறந்தார்கள். எரிந்த பிறகும் திருப்பிக் கட்டச் சட்டப்படி ஓர் உரிமையாளர் இருந்தார். லாலியில் அப்படி யாரும் இல்லை. ஆனால் பீனிக்ஸ் அறக்கட்டளைப் பத்திரத்தில் அறங்காவலர்களாக எழுதப்பட்ட ஐந்து பெயர்களையும் பார்க்க வேண்டும்: உமர் ஹாஜி ஆமத் ஜோஹரி, பார்சி ருஸ்தம்ஜி, ஹெர்மன் காலன்பாக், லூயிஸ் வால்டர் ரிட்ச், பிராண்ஜீவன் மேத்தா. வணிகர்கள், வழக்கறிஞர்கள், ஒரு கட்டடக் கலைஞர். தமிழ்ப் பெயர் ஒன்றுகூட இல்லை. நாகப்பனும் நாராயணசாமியும் இறந்து இரண்டு மூன்று ஆண்டுகள்தான் ஆகியிருந்தன. தம்பி நாயுடு அப்போதும் தமிழர்களைத் திரட்டிக்கொண்டிருந்தார். உயிரைக் கொடுத்தவர்களின் சமூகம் பத்திரம் எழுதும் மேசைக்கு அழைக்கப்படவில்லை. இதைச் சதி என்று சொல்ல மாட்டேன். கல்வியும் பணமும் உள்ளவரிடம் பத்திரமும், உடலுழைப்பு மட்டும் உள்ளவரிடம் நன்றியும் போய்ச் சேரும் பழைய பழக்கம் சத்தியாகிரகத்துக்குள்ளும் இருந்தது என்று சொல்வேன்.

1914-இல் தென்னாப்பிரிக்க அமைச்சர் ஸ்மட்ஸோடு ஏற்பட்ட உடன்பாடு 3 பவுன் வரியை நீக்கியது, இந்தியத் திருமணங்களை ஏற்றது. நிலத்தைத் தொடவில்லை. 1885-இன் 3-ஆம் எண் சட்டம் மாற வேண்டும் என்ற கோரிக்கை இன்னும் நிறைவேறவில்லை என்று காந்தியே அந்த ஆண்டு ஜூனில் அரசுக்கு எழுதிய கடிதத்தில் குறித்திருக்கிறார். காலன்பாக்கோடு அவர் அடுத்த மாதம் கப்பல் ஏறினார். தடை வெவ்வேறு பெயர்களில் நீண்டு, 1950-இல் குழுப் பகுதிச் சட்டமாக இறுகி, 1991-இல்தான் நீங்கியது. டால்ஸ்டாய் பண்ணைத் தமிழர்களும் அவர்களின் பிள்ளைகளும் உழைத்த அந்த டிரான்ஸ்வால் மண்ணில் ஓர் இந்தியர் தம் விருப்பப்படி எங்கும் தம் பெயரில் நிலம் வாங்கலாம் என்று சட்டம் சொல்வதற்கு, பண்ணை தொடங்கிய நாளிலிருந்து 81 ஆண்டுகள் ஆயின.